பதிவேட்டில் இல்லாதவர்கள்: ‘பீ’ முதல் ‘கக்கூஸ்’ வரை



மலக்குழியில் இறங்கிச் சாகிற தொழிலாளியின் மரணம் செய்தித்தாளில் ‘விபத்து’ என்று நாலு வரியில் முடிந்துவிடுகிறது. அவர் என்ன சாதி, ஏன் அவரே இறங்க நேர்ந்தது என்ற கேள்விகள் அதில் இருக்காது. அந்தக் கேள்விகளைத் தமிழில் கேமராவோடு கேட்டவர்களின் வரலாறு நமக்கு வேண்டும்.

மனிதர் மலத்தை மனிதரே அள்ளுவதைத் தடைசெய்யும் சட்டம் 1993இல் வந்தது. பத்தாண்டு கழித்து, 2003இல், மதுரையைச் சேர்ந்த ஆர்.பி. அமுதன் ‘பீ’ ஆவணப்படத்தை எடுத்தார். மதுரைத் தெரு ஒன்றில் அன்றாடம் மலம் அள்ளும் ஒரு பெண் துப்புரவுத் தொழிலாளியின் வேலைநாள்தான் படம். சட்டம் ஒழித்துவிட்டதாகச் சொன்ன வேலை, மாநகரின் நடுவே நடந்துகொண்டிருந்தது. நாகரிகம் கருதி நாம் சொல்லத் தயங்கும் சொல்லையே அவர் தலைப்பாக வைத்தார்.

2013இல் இன்னொரு சட்டம் வந்தது. 1993 முதல் இப்படி இறந்தவர்களைக் கண்டறிந்து, ஒவ்வொரு குடும்பத்துக்கும் 10 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நிவாரணம் தர வேண்டுமானால் முதலில் இறந்தவர்களை எண்ண வேண்டும். சிக்கல் அங்கேதான்.

2015இல் மதுரையில் இரு தொழிலாளர்கள் விஷவாயு தாக்கி இறந்தார்கள். நீதி கேட்டுப் போராடியவர்களில் திவ்யபாரதியும் ஒருவர். அந்தப் போராட்டத்திலிருந்து பிறந்ததுதான் 2017இல் வெளிவந்த ‘கக்கூஸ்’. தமிழகத்தின் பல ஊர்களுக்கும் போய், தொழிலாளர்களையும் இறந்தவர்களின் குடும்பங்களையும் பேசவைத்தார். திரையிடலுக்குத் தடை வந்தது. படத்தை யூடியூபில் ஏற்றினார். 2017 ஜூலையில் ஒரு பழைய வழக்கில் கைதாகிப் பிணையில் வந்தார். அது, விடுதியில் பாம்பு கடித்து இறந்த தலித் மாணவருக்கு நிவாரணம் கேட்டு 2009இல் நடந்த போராட்டத்தின் மீதான வழக்கு.

மும்பையில் 1997இல் ரமாபாய் நகர் துப்பாக்கிச்சூட்டில் 10 பேர் கொல்லப்பட்டார்கள். அடுத்த சில நாட்களில் பாடகர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். தன் முந்தைய படத்தில் பாடிய அந்தக் கலைஞரின் சாவிலிருந்து தொடங்கி, ஆனந்த் பட்வர்தன் 14 ஆண்டுகள் எடுத்த படம் ‘ஜெய் பீம் காம்ரேட்’. இவர்கள் யாரும் தள்ளி நின்று படமெடுத்தவர்கள் அல்லர்.

சந்தவாசலில் நின்று இதைப் பேசக் காரணம் உண்டு. 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் ஆந்திரக் காவல்துறை சுட்டுக்கொன்ற 20 தமிழ்த் தொழிலாளர்களில் பலர் ஜவ்வாது மலையையும் அதன் அடிவார ஊர்களையும் சேர்ந்தவர்கள். ‘கடத்தல்காரர்கள்’ என்ற ஒற்றைச் சொல்லில் அவர்கள் கதையை முடிக்கப் பார்த்தார்கள். கூலி பேசி அழைத்துப்போனது யார், ஊரில் ஏன் வேலையில்லை, குடும்பங்கள் இன்று எப்படி வாழ்கின்றன? மாணவர்களே, உங்கள் கையில் செல்பேசி இருக்கிறது. அந்த வீடுகளுக்குப் போங்கள்; அவர்கள் சம்மதத்தோடு, ஊரும் தேதியும் குறித்துப் பதிவு செய்யுங்கள்.

ஜெய் பீம்.