டனிலோ டொனாட்டி

டனிலோ டொனாட்டி (1926 – 2001) இத்தாலியைச் சேர்ந்த திரைப்படக் கலை இயக்குநரும் உடை வடிவமைப்பாளரும் ஆவார். பியர் பாவ்லோ பசோலினி, பிராங்கோ செஃபிரெல்லி, ஃபெடரிக்கோ ஃபெலினி, ரொபெர்ட்டோ பெனீனி ஆகிய இயக்குநர்களின் திரைப்படங்களில் ஆற்றிய பணிக்காக அறியப்படுகிறார். சிறந்த உடை வடிவமைப்புக்கான ஆஸ்கார் விருதை இரு முறை பெற்றார். பல படங்களில் காட்சியமைப்பு, உடை ஆகிய இரண்டு பொறுப்புகளையும் இவர் ஒருவரே ஏற்றார். கடந்த காலத்தை அப்படியே நகலெடுக்காமல், ஓவியங்களிலிருந்தும் எளிய பொருட்களிலிருந்தும் புதிதாக உருவாக்கிக் காட்டியது இவரது தனித்தன்மையாகும்.

தொடக்க காலம்

டொனாட்டி 1926 ஆம் ஆண்டு ஏப்ரல் 6 ஆம் நாள் வட இத்தாலியின் சுசாரா என்னும் ஊரில் பிறந்தார். புளோரன்சு நகரில் ஓவியம் பயின்றார். மேடை நாடகத் துறையில் பணியாற்றிய பின்னர் திரைப்படத்துறைக்கு வந்தார். மாரியோ மொனிச்செல்லி இயக்கிய "மாபெரும் போர்" (1959) இவர் உடை வடிவமைத்த தொடக்க காலப் படங்களுள் முக்கியமானது.

பசோலினியுடன்

பசோலினியின் "மத்தேயு நற்செய்தி" (1964) படத்தில் பரிசேயர்கள் உயரமான தலையணிகளுடன் தோன்றுகின்றனர். இவை முதலாம் நூற்றாண்டுப் பாலத்தீனத்துக்குரியவை அல்ல. 15 ஆம் நூற்றாண்டு இத்தாலிய ஓவியர் பியெரோ தெல்லா பிரான்செஸ்காவின் ஓவியங்களைத் தழுவியவை. வரலாற்று நோக்கில் இது பொருந்தாதது. ஆயினும் இத்தாலிய மக்கள் இயேசுவின் கதையைக் கண்ணால் கண்டறிந்தது தேவாலய ஓவியங்கள் வழியாகவே என்பதால், அம்மரபுக்கு இத்தெரிவு உண்மையாக இருந்தது.

மொரோக்கோவில் படமாக்கப்பட்ட "எடிப்பசு அரசன்" (1967) படத்தில் இம்முறை மேலும் விரிந்தது. கிரேக்க உடைகளுக்கு மாறாக ஆப்பிரிக்க, அசுத்தெக், சுமேரியப் பண்பாடுகளின் சாயல்கள் கலந்த உடைகளும் முடிகளும் உருவாக்கப்பட்டன. தொன்மக்கதை எந்த ஒரு நாட்டுக்கும் காலத்துக்கும் உரியதன்று என்னும் கருத்தை இவை புலப்படுத்தின. "டெக்காமரோன்" (1971), "கேன்டர்பரி கதைகள்" (1972), "அராபிய இரவுகள்" (1974), "சாலோ" (1975) ஆகியவற்றுக்கும் இவரே உடை வடிவமைத்தார்.

செஃபிரெல்லியுடன்

செஃபிரெல்லியின் "ரோமியோவும் ஜூலியட்டும்" (1968) படத்தில் இவரது அணுகுமுறை வேறானது. இதில் மறுமலர்ச்சிக் கால இத்தாலியின் உடைகள் கனமான துணிகளில் நுணுக்கமாக அமைக்கப்பட்டன. கபுலெட் குடும்பத்தினர் சிவப்பு, மஞ்சள் போன்ற பளிச்சிடும் நிறங்களிலும், மாண்டேகு குடும்பத்தினர் நீலம் போன்ற அடங்கிய நிறங்களிலும் காணப்படுகின்றனர். இதனால் தெருச்சண்டைக் காட்சிகளில் எவர் எந்தக் குடும்பத்தவர் என்பது உடனே விளங்குகிறது. இப்படம் இவருக்கு முதல் ஆஸ்கார் விருதைப் பெற்றுத் தந்தது.

ஃபெலினியுடன்

"சத்திரிக்கோன்" (1969), "ரோமா" (1972), "அமர்கோர்டு" (1973), "கசனோவா" (1976) ஆகியவை ஃபெலினியுடன் இவர் பணியாற்றிய முக்கியப் படங்கள். "ரோமா"வில் இடம்பெறும் திருச்சபை உடைகளின் அணிவகுப்புக் காட்சி புகழ்பெற்றது. ஒளிரும் விளக்குகள் பொருத்திய அங்கிகள் வரை நீளும் இக்காட்சியில் உடையே கதையைச் சொல்கிறது.

"கசனோவா" முழுவதும் உரோமையின் சினெசித்தா படப்பிடிப்புக் கூடத்தில் உருவானது. வெனிசு நகரும் அங்கேயே கட்டப்பட்டது. கடல் கூட நெகிழித் தாள்களை அசைத்தே காட்டப்பட்டது. இச்செயற்கைத் தன்மை மறைக்கப்படவில்லை. கசனோவாவின் வாழ்க்கையை உள்ளீடற்ற ஆடம்பரமாகவே ஃபெலினி கண்டார். டொனாட்டியின் மிகைப்படுத்தப்பட்ட உடைகளும் பொய்முடிகளும் அக்கருத்துக்கு உருவம் கொடுத்தன. இப்படத்துக்காக இவர் இரண்டாம் முறை ஆஸ்கார் விருது பெற்றார்.

பிற்காலம்

தயாரிப்பாளர் டினோ டி லாரன்டிசு, சித்திரக்கதையைத் தழுவி எடுத்த "பிளாசு கார்டன்" (1980) படத்தின் காட்சியமைப்பையும் உடைகளையும் டொனாட்டி வடிவமைத்தார். அறிவியல் புனைகதைப் படங்களில் வழக்கமான சாம்பல் நிற இயந்திர உலகுக்கு மாறாக, சிவப்பும் பொன்னிறமும் நிறைந்த அரசவை ஒன்றை உருவாக்கினார்.

பெனீனியின் "வாழ்க்கை அழகானது" (1997) படத்திலும் இரு பொறுப்புகளையும் ஏற்றார். முற்பகுதியின் வண்ணமயமான நகர வாழ்வு, பிற்பகுதியில் நாசி வதைமுகாமின் மங்கிய நிறங்களுக்கு மாறுகிறது.

பெனீனியின் "பினோக்கியோ" இவரது இறுதிப் படம். 2001 டிசம்பரில் டொனாட்டி காலமானார். படம் அடுத்த ஆண்டு வெளியானது. விமர்சகர்கள் பலர் இப்படத்தை ஏற்கவில்லை. எனினும் காட்சியமைப்பு, உடை ஆகிய இரண்டுக்கும் 2003 ஆம் ஆண்டு தாவீது தி தொனத்தெல்லோ விருதுகள் மறைவுக்குப் பின் இவருக்கு வழங்கப்பட்டன.

ஆஸ்கார் விருதுகளும் பரிந்துரைகளும் (உடை வடிவமைப்பு)

- மத்தேயு நற்செய்தி – பரிந்துரை
- மந்திராகோலா – பரிந்துரை
- அடங்காப்பிடாரியை அடக்குதல் (ஐரீன் சராஃபுடன்) – பரிந்துரை
- ரோமியோவும் ஜூலியட்டும் – விருது
- கசனோவா – விருது