சாக்கோட வாற ஆக்கள்: ஐஸ்லாந்தின் கிரீலாவும் எங்கட பிள்ளைபிடிகாரனும்

நத்தார் எண்டால் எங்களுக்கு நினைவுக்கு வாறது பாலன் குடில், வெடி, கேக், சிவப்பு உடுப்புப் போட்ட நத்தார் தாத்தா. ஐஸ்லாந்துப் பிள்ளைகளுக்கு இன்னொரு ஆளும் இருக்கு. பெயர் கிரீலா. மலையில இருந்து இறங்கி வாற அரக்கி. குழப்படி செய்யிற பிள்ளைகளைச் சாக்கில போட்டுக்கொண்டு போய், பெரிய சட்டியில அவிச்சுத் தின்பாள்.

13ஆம் நூற்றாண்டு எழுத்துகளிலேயே கிரீலாவின் பெயர் வருகிறது. நத்தாரோடு அவள் சேர்ந்தது பிறகுதான், 17ஆம் நூற்றாண்டு அளவில். அவளுக்கு 13 பெடியள். டிசம்பர் 12 தொடக்கம் இரவுக்கு ஒருத்தனாக ஊருக்குள்ள இறங்குவாங்கள். அவங்கட பெயர்களைக் கவனியுங்கோ: ஒருத்தன் கரண்டி நக்குறவன், ஒருத்தன் சட்டி சுரண்டுறவன், ஒருத்தன் தயிர் விழுங்கி, இன்னொருத்தன் மெழுகுதிரிக் கள்ளன். அந்தக் காலத்து மெழுகுதிரி மிருகக் கொழுப்பில செய்தது, தின்னலாம். இவர்களோட ஒரு ராட்சதப் பூனையும் உண்டு. நத்தாருக்குப் புது உடுப்புக் கிடைக்காதவர்களை அது பிடித்துத் தின்னுமாம். நத்தாருக்கு முதல் கம்பளி வேலையை முடிக்கப் பண்ணுறதுக்கான வெருட்டு அது எண்டு விளக்கம் சொல்லுவினம்.

அதாவது இந்தப் பூதங்கள் வானத்தில இருந்து விழேல்லை. டிசம்பரில நாலைந்து மணித்தியாலம்தான் வெளிச்சம், வெளியில பனி, வீட்டில சாப்பாடு குறைவு. அந்தப் பசியும் இருட்டும்தான் பூதமாக வந்திருக்கு.

பயம் கூடிப்போனதால, ஐஸ்லாந்தை ஆண்ட டென்மார்க் அரசு 1746இல ஒரு கட்டளையே போட்டது: இப்படியான பூதங்களைச் சொல்லிப் பிள்ளைகளை வெருட்டக் கூடாது. 1932இல யோகானஸ் ஊர் கோட்லும் எண்ட கவிஞர் எழுதிய சிறுவர் பாடல், அந்த 13 பேரையும் பகிடிக்காரராக நாடு முழுக்கப் பரப்பியது. இப்ப அவங்கள் யன்னலில வைச்ச சப்பாத்துக்குள்ள பரிசு போடுறாங்கள். குழப்படிக்காரருக்கு ஒரு அழுகின உருளைக்கிழங்கு. அவ்வளவுதான் தண்டனை.

இனி எங்கட பக்கம் வருவம்.

நாயாற்றிலும் டிசம்பர் எண்டால் மாரி. கடல் கொந்தளிக்கும், தொழில் குறையும், நேரத்தோட இருட்டும். பிள்ளைகளை வீட்டுக்குள்ள வைச்சிருக்க எங்கட சனத்திட்டையும் ஆக்கள் இருந்தினம்: பூச்சாண்டி, முனி, கொள்ளிவாய்ப் பேய், எல்லாருக்கும் மேல பிள்ளைபிடிகாரன். சிங்களப் பிள்ளைகளுக்கு அதே ஆள் 'கோணிபில்லா'. கோணி எண்டால் சாக்கு, இரண்டு மொழியிலும் அதே சொல். கிரீலாவிட்டையும் சாக்கு, கோணிபில்லாவிட்டையும் சாக்கு.

வித்தியாசம் இதுக்குப் பிறகுதான். கிரீலா மெல்ல மெல்லக் கதைக்குள்ள ஒதுங்கிப் போனாள். எங்கட ஆக்களோ கதையை விட்டு வெளியில வந்தினம்.

1980களில தெற்கிலும் வடக்கிலும் சுற்றிவளைப்புகளில ஒரு ஆளைக் கொண்டுவந்து இருத்துவார்கள். தலையில சாக்கு, கண்ணுக்கு இரண்டு ஓட்டை. சனத்தை வரிசையாக அவனுக்கு முன்னால நடத்துவார்கள். அவன் தலையாட்டினால் அந்த ஆள் வாகனத்தில ஏற்றப்படுவார். ஜே.வி.பி. கிளர்ச்சிக் காலத்தில சிங்களச் சனம் அவனுக்கு வைச்ச பெயர் கோணிபில்லா. நாங்கள் 'தலையாட்டி' எண்டம். கதையில சாக்குக்குள்ள பிள்ளை இருந்தது, இங்க பிடிச்சுக் குடுக்கிறவனின் முகம் இருந்தது.

நாயாற்றுக்கு 1984 டிசம்பர் இன்னும் பெரிய இருட்டு. அந்த மாதம் 1ஆம் திகதி கொக்கிளாயிலும் நாயாற்றிலும் சிங்கள மீனவக் குடும்பங்கள் புலிகளால கொல்லப்பட்டன. அதே மாதம் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணிப் பக்கத்துத் தமிழ்ச் சனம் இராணுவத்தால ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டது. அதுக்குப் பிறகு ஒரு பக்கத்துப் பிள்ளைகளுக்கு மற்றப் பக்கம்தான் பூதமாக இருந்திருக்கும். தனியாக ஒரு கிரீலா தேவைப்பட்டிருக்காது.

இன்னொன்றையும் சொல்லாமல் விட ஏலாது. இறுதிப் போர்க் காலத்தில வன்னியில 'பிள்ளை பிடிக்கிறாங்கள்' எண்டு சனம் சொன்னது பேயைப் பற்றி இல்லை. வீட்டுக்கொரு பிள்ளை எண்டு புலிகள் கட்டாயமாகக் கொண்டுபோனதைப் பற்றி. தாய்மார் பிள்ளைகளைக் குழிக்குள்ளயும் காட்டுக்குள்ளயும் ஒளிச்சு வைச்சினம். சிறுவர்களை ஆயுதக் குழுக்கள் சேர்த்தது பற்றி யுனிசெப்பிட்ட ஆயிரக்கணக்கில பதிவு இருக்கு. அரச பக்கத்தில வெள்ளை வான். சாக்கு யாற்ற கையில இருந்தது எண்டதைவிட, அது ஒராளிட்ட மட்டும் இருக்கேல்லை எண்டதுதான் எங்கட வரலாறு.

போர் முடிஞ்சு 2011 ஓகஸ்டில கிறீஸ் பூதம் வந்தது. உடம்பில கிறீஸ் பூசின ஆக்கள் பெண்களைத் தாக்குகினம் எண்ட கதை மலைநாட்டில இருந்து கிழக்கு, வடக்கு எண்டு பரவியது. அப்புத்தளைப் பக்கம் சனக்கூட்டம் இரண்டு பேரை அடிச்சே கொன்றது. புத்தளத்தில ஒரு பொலிஸ்காரர் கொல்லப்பட்டார். யாழ்ப்பாணம் நாவாந்துறையில, பூதம் எண்டு துரத்தின ஆக்கள் இராணுவக் காவலுக்குள்ள போய் மறைஞ்சதாகச் சனம் சொன்னது. அண்டிரவே நூற்றுக்கு மேற்பட்ட ஆண்கள் பிடிக்கப்பட்டு அடிக்கப்பட்டார்கள்.

வெளியில இருந்து பார்த்தால் இது மூடநம்பிக்கை. ஆனால் அந்த வருசம் வன்னியில மீளக் குடியேறின சனம் எப்பிடி இருந்தது எண்டு யோசியுங்கோ. தறப்பாள் கொட்டில், கரண்ட் இல்லை, ஆம்பிளை இல்லாத எத்தனையோ வீடுகள், சுற்றிவர முகாம்கள். 'எனக்கு ஆமியைப் பார்க்கப் பயம்' எண்டு வெளிப்படையாகச் சொல்ல ஏலாத இடத்தில, 'பூதம் வருகுது' எண்டு சொல்லலாம்.

1746 கட்டளையால கிரீலா அடங்கினாள் எண்டு நான் நம்பேல்லை. பசி போன பிறகுதான் அவளைப் பார்த்துச் சிரிக்க முடிஞ்சது. எங்களுக்கு அந்தச் சிரிப்பு இன்னும் வரேல்லை. கொண்டுபோன பிள்ளைகள் எங்கே எண்டு கேட்டு 2017 பெப்ரவரி 20இல கிளிநொச்சியில தாய்மார் றோட்டில இருந்தினம். பதில் கிடைக்காமலே அவர்களில பலர் செத்துப் போச்சினம். பதில் வராத வரைக்கும் பிள்ளைபிடிகாரனை நத்தார் அட்டையில போட்டு விற்க ஏலாது.

ஆனால் ஒரு வேலை எங்களால செய்யலாம். கிரீலாவின்ற பெடியளின் பெயர்கள் இண்டைக்கும் இருக்கிறதுக்குக் காரணம், 1862இல யோன் ஆர்னாசன் ஊர்க்கதைகளைத் தொகுத்து அச்சில போட்டது. உங்கட அம்மம்மாவை, அப்பாச்சியை எந்தப் பூதம் சொல்லி வெருட்டினது, எந்த வருசம் அந்தப் பூதம் மாறினது எண்டு கேட்டு எழுதி வையுங்கோ. மாறின வருசத்தைக் கட்டாயம் கேளுங்கோ.