இடைக்கால உத்தரவும் மேல்முறையீட்டுத் தயக்கமும்

இடைக்கால உத்தரவு என்பது, வழக்கின் இறுதித் தீர்ப்பு வரும்வரை உள்ள நிலை குலையாதிருக்க நீதிபதி தமது விவேகாதிகாரத்தால் பிறப்பிக்கும் கட்டளை. தாம் அந்த ஆசனத்தில் அமர்ந்திருந்தால் வேறு முடிவு கண்டிருப்போம் என்ற காரணத்துக்காக மாத்திரம் மேல்மன்றம் அதில் தலையிடுவதில்லை. கீழ்மன்றம் சட்டத்தையோ சாட்சியத்தையோ பிழைபடக் கொண்டது, சூழ்நிலை பின்னர் மாறியது, அல்லது நியாயபுத்தியுள்ள எந்த நீதிபதியும் அம்முடிவை எட்டியிரார் என்று காட்டப்பட்டாலே தலையிடும் என்பது, 1982-இல் ஹட்மோர் வழக்கில் பிரிட்டிஷ் பிரபுக்கள் சபையின் டிப்லாக் பிரபு வகுத்த நியமம். இந்திய உச்சநீதிமன்றமும் 1990-இல் வாண்டர் வழக்கில் அதே மார்க்கத்தை மேற்கொண்டது. மலேசியாவில், இடைக்காலத் தடையுத்தரவு வழங்குவதற்குரிய நெறிகளை நீதிபதி கோபால் ஸ்ரீராம் கீட் ஜெரால்ட் வழக்கில் விளக்கினார்.

கோலா சிலாங்கூர், ஈஜோக், முன்னர் பத்தாங் பெர்ஜுந்தை எனப்பட்ட பெஸ்தாரி ஜெயா முதலிய வட்டாரங்களில் தோட்டம் கைமாறி, தலைமுறைகளாகக் குடியிருந்த வீட்டைக் காலிசெய்யுமாறு பணிக்கப்படும் தொழிலாளிக்கு இந்நியமம் ஏட்டுச் சங்கதியன்று. ஷா ஆலம் உயர்நீதிமன்றத்தில் தடையுத்தரவு கிடைத்தால், புத்ராஜெயா மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் தயக்கம் அவனுக்குக் கவசம். மறுக்கப்பட்டால் அதே தயக்கம் அவனுக்கு விலங்கு. மேலும், 1964-ஆம் ஆண்டு நீதிமன்றங்கள் சட்டத்தின் 73-ஆம் பிரிவுப்படி, மேல்முறையீடு செய்தமையால் மாத்திரம் வெளியேற்றத் தீர்ப்பின் நிறைவேற்றம் நின்றுவிடாது. அதற்கு நீதிமன்றத்தின் தனி ஆணை வேண்டும். நியமம் நியாயமானதே, ஆயினும், வீடு இடிக்கப்பட்டபின் மேல்முறையீட்டில் வென்றும் பயனில்லையாதலால், குடியிருப்பு வழக்குகளில் நிறைவேற்றத்தை நிறுத்திவைக்கும் ஆணையை மன்றங்கள் தாராளமாக வழங்குவதே தர்மம்.