டாக்கோ பிடிக்கும், சமைத்தவரைப் பிடிக்காது

அமெரிக்காவில் செவ்வாய்க்கிழமை இரவு என்றால் பல வீடுகளில் டாக்கோதான். வேலை முடிந்து களைத்து வருகிறவர்கள் அரைமணி நேரத்தில் செய்துவிடலாம். மாட்டுக் கொத்துக்கறியை (அங்கே அதைப் பெயர் சொல்லியே கடையில் கேட்கலாம்) வெங்காயம், பூண்டோடு வதக்கி, மிளகாய்ப்பொடி, சீரகப்பொடி, உப்பு போட்டு, கொஞ்சம் தண்ணீர் தெளித்துச் சுண்டவிடுவார்கள். மக்காச்சோள மாவில் தட்டிப் படகுபோல் வளைத்துப் பொரித்த மொறுமொறு ஓடு ஒன்று. அதற்கு வெளியே, மசித்த பீன்ஸ் தடவிய மெத்தென்ற கோதுமை டோர்ட்டியா ஒன்று. டோர்ட்டியா என்றால் அவர்களுடைய ரொட்டி. பீன்ஸ்தான் இரண்டையும் ஒட்டும் பசை. உள்ளே முதலில் சூடான கறி, அந்தச் சூட்டிலேயே உருகும்படி சீஸ், அதற்கு மேல் நறுக்கிய லெட்டூஸ் இலை, தக்காளி. கடிக்கும்போது ஓடு உடைந்தாலும் வெளி அடுக்கு எதையும் சிந்தவிடாது. பிள்ளைகள் தாங்களே அடுக்கிக்கொள்வார்கள். நமக்குச் சுடுசோறும் கருவாட்டுக் குழம்பும் எப்படியோ, மனசு சோர்ந்த நாளில் பல அமெரிக்கர்களுக்கு அப்படி இது.

இந்தச் சாப்பாட்டைப் பற்றி இங்கே ஏன் எழுதுகிறோம் என்று கேட்கலாம். இன்று கோடிக்கணக்கான வீடுகளில் ஆறுதலாக இருக்கும் இதே உணவை, நூறு ஆண்டுகளுக்கு முன் அதே நாட்டின் பள்ளிக்கூடங்கள் ஒரு குறைபாடாகப் பார்த்தன. அதைச் சாப்பிட்ட பிள்ளைகளையும் அப்படியே பார்த்தன. பிறகு உணவு மேலே ஏறியது. மனிதர்கள் எங்கே நின்றார்கள் என்பதுதான் நமக்கு வேண்டிய வரலாறு.

மக்காச்சோளத்திலிருந்து தொடங்குவோம். மெக்சிகோவின் பூர்வகுடிகள் சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து, ஊறவைத்து, அம்மியில் அரைத்து டோர்ட்டியா தட்டினார்கள். 1521இல் ஆஸ்டெக் தலைநகரை வீழ்த்திய ஸ்பானியர்களுக்குக் கோதுமைதான் உயர்ந்த தானியம். தேவாலயத்தில் திருவிருந்து அப்பம் கோதுமையில் மட்டுமே செய்யலாம். சோளம் ‘இந்தியர்’ தின்பது. இந்தத் தர வரிசை விடுதலைக்குப் பிறகும் போகவில்லை. பிரான்சிஸ்கோ புல்னெஸ் என்ற மெக்சிகோ அரசியல்வாதி 1899இல் ஒரு புத்தகம் எழுதினார். மனித குலத்தைக் கோதுமை தின்போர், அரிசி தின்போர், சோளம் தின்போர் என்று மூன்று இனங்களாகப் பிரித்தார். கோதுமைக்காரர்கள்தான் முன்னேறக்கூடியவர்களாம், பூர்வகுடிகள் பின்தங்கியதற்குச் சோளம்தான் காரணமாம். நிலத்தைப் பிடுங்கியது காரணமில்லை, தட்டில் இருப்பது காரணம்! இந்தத் தர்க்கத்தை நாம் வேறு மொழிகளிலும் கேட்டிருக்கிறோம்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. சோளத்தை எடுத்துப்போன ஐரோப்பியர்கள் சுண்ணாம்பை விட்டுவிட்டார்கள். சுண்ணாம்பில் வேகவைத்தால்தான் சோளத்தில் கட்டுண்டு கிடக்கும் நியாசின் சத்து உடம்பில் சேரும். அந்த அறிவை அவர்கள் கேட்கவுமில்லை. சோளத்தையே நம்பி வாழ்ந்த வடக்கு இத்தாலியின் ஏழைகளும், பிற்பாடு அமெரிக்கத் தென் மாநிலங்களின் ஏழைகளும் பெல்லாக்ரா நோயில் செத்தார்கள். முட்டாள்களின் உணவு என்று சொல்லப்பட்டதைச் சமைக்கத் தெரியாமல் செத்தவர்கள்.

மாடு ஸ்பானியர்களோடு வந்தது. பிறகு டெக்சாஸ் பண்ணைகளில் மாடு மேய்த்து, அறுத்து, உரித்துக் கொடுத்தவர்களில் மெக்சிகோ வம்சாவளியினர் ஏராளம். நல்ல கறி முதலாளிக்கும் சந்தைக்கும் போகும். தலை, தோல், வயிற்றையொட்டிய முரட்டுத் தசை ஆகியவை கூலியின் ஒரு பகுதியாக இவர்களுக்கு வரும். அந்தத் தசையைச் சுட்டு டோர்ட்டியாவில் சுருட்டித் தின்றார்கள். பின்னால் அதுவே ‘ஃபஹீட்டா’ என்ற பெயரில் உணவகங்களில் விலையேறியது. மாட்டை உரித்தவர்களுக்கு எந்தப் பாகம் மிஞ்சும் என்பது நம் ஊர்ப் பாட்டிகளுக்கு விளக்க வேண்டிய விஷயமில்லை.

இனி 1929க்கு வருவோம். கலிபோர்னியாவின் கோவினா நகரப் பள்ளிகளில் ‘அமெரிக்கமயமாக்கல்’ துறையில் இருந்த பெர்ல் எல்லிஸ் என்பவர், மெக்சிகோ வீட்டுப் பெண்பிள்ளைகளுக்கு எப்படிக் குடும்பம் நடத்தக் கற்றுத் தருவது என்று ஒரு கையேடு எழுதினார். மெக்சிகோப் பிள்ளை மதியத்துக்குக் கொண்டுவருவது உள்ளே ஒன்றுமில்லாமல் மடித்த டோர்ட்டியா. பாலும் பழமும் இல்லாமல் இதைத் தின்னும் பிள்ளை சோம்பேறியாகும், வசதியான பிள்ளைகளின் சாப்பாட்டுப் பெட்டியில் கைவைக்கும், அதுவே குற்ற வாழ்க்கைக்கு முதல் படி என்பது அதன் வாதம். டோர்ட்டியாவுக்குப் பதில் ரொட்டி, பீன்ஸுக்குப் பதில் லெட்டூஸ் என்று அந்தக் காலத்துச் சீர்திருத்தக்காரர்கள் வகுப்பெடுத்தார்கள். பெற்றோருக்கு என்ன கூலி கொடுக்கிறோம் என்ற கேள்வி அந்த வகுப்புகளில் எழவில்லை. சமூகப்பணி செய்கிற எங்களுக்கு இதைப் படிக்கும்போது கூச்சமாக இருக்கிறது. ‘விழிப்புணர்வு’ என்ற பெயரில் இன்றும் இப்படிப் பேசும் கையேடுகள் உண்டு.

எட்டு ஆண்டுகள் கழித்து, 1937இல், கலிபோர்னியாவின் சான் பெர்னார்டினோ நகரில் லூசியா ரோட்ரிகஸ் என்ற பெண் ‘மிட்லா கஃபே’யைத் திறந்தார். நகரத்தின் மேற்குப் பகுதி, மெக்சிகோக்காரர்கள் வாழ்ந்த பகுதி. கடைகளில் எளிதாகக் கிடைத்த கொத்துக்கறி, மஞ்சள் செடார் சீஸ், லெட்டூஸ், தக்காளி எல்லாவற்றையும் பொரித்த டோர்ட்டியாவில் அடுக்கினார்கள். இன்று உலகம் ‘அமெரிக்க டாக்கோ’ என்று நினைப்பது இதுதான். புலம்பெயர்ந்த உழைப்பாளிகள், கையில் கிடைத்ததை வைத்துச் செய்த சமையல். இதைப் ‘போலி மெக்சிகோ உணவு’ என்று முகம் சுளிக்கும் உணவுப் பண்டிதர்களோடு எங்களுக்கு உடன்பாடில்லை. அவர்களும் ஒருவிதத் தூய்மைவாதிகளே.

அதே நகரத்தில் பெர்ரிஸ் ஹில் பூங்காவில் ஒரு பொது நீச்சல் குளம் இருந்தது. மெக்சிகோ வம்சாவளியினர் உள்ளே போக முடியாது. அக்காலத்தில் தென் கலிபோர்னியாவின் பல ஊர்களில் இன்னொரு வழக்கமும் இருந்தது: வாரத்தில் ஒருநாள், குளத்து நீரை வடித்துச் சுத்தம் செய்வதற்கு முந்தைய நாள், மெக்சிகோக்காரரும் கறுப்பினத்தவரும் குளிக்கலாம். மறுநாள் தண்ணீரை மாற்றிவிடுவார்கள். இதற்கு நம் மொழியில் ஒரு சொல் இருக்கிறது. 1927இல் மகாத் சவுதார் குளத்தில் அம்பேத்கரும் தோழர்களும் தண்ணீர் அள்ளிக் குடித்த பிறகு, சாதி இந்துக்கள் அந்தக் குளத்தைச் ‘சுத்திகரித்தார்கள்’ என்பதை நாம் மறந்திருக்க மாட்டோம்.

சான் பெர்னார்டினோவில் பத்திரிகையாசிரியர் இக்னாசியோ லோபஸும் வேறு சிலரும் நகர மேயர் செக்கோம்ப் மீது வழக்குப் போட்டார்கள். மனுதாரர்களில் ஒரு பாதிரியாரும் மாணவர்களும் இருந்தார்கள். அவர்கள் கூடிப் பேசிய இடங்களில் மிட்லா கஃபேயும் ஒன்று. 1944இல் கூட்டாட்சி நீதிமன்றம் இந்தத் தடை அரசியலமைப்புக்கு எதிரானது என்று தீர்ப்பளித்தது. இவர்களுக்கு வாதாடிய வழக்கறிஞர் டேவிட் மார்க்கஸ், அடுத்து மெக்சிகோப் பிள்ளைகளைத் தனிப்பள்ளியில் ஒதுக்கியதற்கு எதிரான மெண்டெஸ் வழக்கை நடத்தி 1946இல் வென்றார். கறுப்பின மாணவர்களுக்காக வந்த புகழ்பெற்ற பிரவுன் தீர்ப்புக்கு எட்டு ஆண்டுகள் முன்பே இது நடந்தது. மாணவத் தோழர்கள் பிரவுன் வழக்கைப் படிக்கும்போது மெண்டெஸையும் சேர்த்துப் படியுங்கள்.

இனி க்ளென் பெல் வருகிறார். உலகப் போரில் கடற்படைக் காலாட்படையில் இருந்து திரும்பியவர். மிட்லாவுக்கு எதிரில் ஹாம்பர்கர் கடை வைத்திருந்தார். எதிர்க்கடை டாக்கோவுக்கு நிற்கும் வரிசையைப் பார்த்தார். போய்ச் சாப்பிட்டார், எப்படிச் செய்கிறார்கள் என்று கற்றுக்கொண்டார். தன் கடையில் 19 சென்ட்டுக்கு விற்றார். 1954-55இல் ‘டாக்கோ டியா’ கடைகள், 1962இல் டௌனி நகரில் முதல் ‘டாக்கோ பெல்’. 1978இல் அந்த நிறுவனத்தைப் பெப்சிகோ சுமார் 12.5 கோடி டாலருக்கு வாங்கியது. முன்கூட்டியே வளைத்துப் பொரித்த ஓடு பெல்லின் கண்டுபிடிப்பு என்று நீண்டகாலம் சொல்லப்பட்டது. நியூயார்க்கில் உணவகம் நடத்திய ஜுவென்சியோ மால்டொனாடோ டாக்கோ ஓடு பொரிக்கும் கருவிக்கு 1947இல் விண்ணப்பித்து 1950இல் காப்புரிமை பெற்றிருந்தார். நியூ மெக்சிகோவின் ஃபாபியோலா கபேசா டி பாகா 1949இலேயே செய்முறையை அச்சிட்டிருந்தார். வரலாற்றாசிரியர் ஜெஃப்ரி பில்ச்சர் இதையெல்லாம் தோண்டியெடுத்து எழுதிய பிறகுதான் மூலக்கதை கொஞ்சம் ஆட்டம் கண்டது. ‘டாக்கோ செவ்வாய்’ என்ற சொல்லையே ஓர் உணவக நிறுவனம் வணிகக்குறியாகப் பதிந்து 2023 வரை வைத்திருந்தது.

பெல் டாக்கோவைப் பெருக்கிக்கொண்டிருந்த அதே 1954இல்தான் அமெரிக்க அரசு மெக்சிகோத் தொழிலாளர்களைக் கூட்டம் கூட்டமாகப் பிடித்து நாடு கடத்தியது. அந்த நடவடிக்கைக்கு அரசு வைத்த பெயரே ‘ஆபரேஷன் வெட்பேக்’. ஆற்றை நீந்திக் கடந்து வந்தவர்களைக் கேலி செய்யும் வசைச்சொல் அது. டாக்கோ உள்ளே வந்தது, டாக்கோ தட்டிய கை வெளியே அனுப்பப்பட்டது. 2015இல் மெக்சிகோக்காரர்களைக் குற்றவாளிகள், வன்புணர்வாளர்கள் என்று பேசித் தன் பிரச்சாரத்தைத் தொடங்கிய டிரம்ப், 2016 மே 5 அன்று ஒரு டாக்கோ கிண்ணத்தோடு படம் எடுத்துப் போட்டு, தனக்கு ஹிஸ்பானிக் மக்களைப் பிடிக்கும் என்று எழுதினார். சமபந்தி போஜனத்தால் சாதி சாகாது என்று அம்பேத்கர் 1936இலேயே ‘சாதி ஒழிப்பு’ நூலில் விளக்கியதைத் தெரிந்தவர்களுக்கு இதில் வியப்பில்லை. அந்தச் சமபந்தியில் குறைந்தது எதிரே ஒரு மனிதர் உட்கார்ந்திருந்தார். டாக்கோ இரவில் அதுவும் தேவையில்லை. சாப்பாடு மட்டும் வந்தால் போதும்.

மேல் அடுக்குகள் இரண்டு பாக்கி. லெட்டூஸ், பெரும்பகுதி கலிபோர்னியாவின் சலினாஸ் பள்ளத்தாக்கிலிருந்து. 1970இல் அங்கே பண்ணைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். லெட்டூஸ் புறக்கணிப்பைக் கைவிட மறுத்ததற்காக அந்த டிசம்பரில் சீசர் சாவேஸ் சிறை சென்றார். நாள் முழுக்க முதுகை வளைக்கவைத்த குட்டைக் கைப்பிடி மண்வெட்டியைக் கலிபோர்னியா தடை செய்தது 1975இல்.

தக்காளியின் கதை இன்னும் பக்கத்தில் இருக்கிறது. ஃபுளோரிடாவின் இம்மோக்கலியில் தக்காளி பறித்தவர்கள் மெக்சிகோ, குவாத்தமாலா, ஹைத்தியிலிருந்து வந்தவர்கள். 32 பவுண்டு கொண்ட ஒரு வாளி நிரப்பினால் 40 முதல் 45 சென்ட். நாளுக்கு 50 டாலர் சம்பாதிக்கக் கிட்டத்தட்ட இரண்டு டன் பறிக்க வேண்டும். பண்ணை முதலாளிகளோடு பேசிப் பார்த்தார்கள், நடக்கவில்லை. விலையைக் கீழே அழுத்துவது பெரிய அளவில் வாங்கும் உணவக நிறுவனங்கள் என்று புரிந்துகொண்டார்கள். 2001இல் டாக்கோ பெல்லைப் புறக்கணிக்க அழைத்தார்கள். கேட்டது பவுண்டுக்கு ஒரு சென்ட் அதிகம். 2003இல் இர்வைனிலுள்ள தலைமையகத்தின் முன் பத்து நாள் உண்ணாவிரதம் இருந்தார்கள். அந்த நிறுவனத்தின் முக்கிய வாடிக்கையாளர்களே மாணவர்கள் என்பதால் போராட்டம் கல்லூரி வளாகங்களுக்குப் போனது. 20க்கும் மேற்பட்ட கல்லூரிகளிலும் பள்ளிகளிலும் மாணவர்கள் டாக்கோ பெல் கடையை வெளியேற்றினார்கள், அல்லது வரவிடாமல் தடுத்தார்கள். 2005 மார்ச்சில் நிறுவனம் இறங்கிவந்து கையெழுத்திட்டது. பவுண்டுக்கு ஒரு சென்ட் என்றால் வாளிக்கு 32 சென்ட், அதாவது கூலி ஏறக்குறைய இருமடங்கு. டாக்கோ பெல் வாங்கும் தக்காளிக்கு மட்டும்தான் அது பொருந்தும். அதனால் தொழிலாளர்கள் அடுத்த நிறுவனத்தின் வாசலுக்குப் போனார்கள். 2007இல் மெக்டொனால்ட்ஸ் கையெழுத்திட்டது, 2008இல் பர்கர் கிங்.