கேஸ் பாதியில இருக்கும்போது சட்டம் மாறினா?

2019-ல நண்பர் ஒருத்தர் பதறிப்போய் போன் பண்ணினார். மயிலாப்பூர்ல அப்பா கட்டின வீடு, குடியிருந்தவரைக் காலி பண்ணச் சொல்லி வருஷக்கணக்கா கேஸ் நடத்திக்கிட்டு இருந்தார். "புதுச் சட்டம் வந்துடுச்சாமேய்யா, என் கேஸ் அம்பேலா?"

நான் வக்கீல் இல்லைங்க. பழசைக் கிளர்ற புத்தி மட்டும் உண்டு. கிளறினதுல கிடைச்சது இது.

சென்னை மாகாணத்துல வாடகைக் கட்டுப்பாடு இரண்டாம் உலகப்போர் காலத்துல ஆரம்பிச்சது. போருக்காக வந்த ஏற்பாடு போர் முடிஞ்சும் போகலை. 1946, 1949-னு சட்டம் மாறி மாறி, கடைசியில 1960-ஆம் வருஷத்துச் சட்டத்துல வந்து நின்னுது. அந்தச் சட்டத்துல ஒரு விதிவிலக்கு. கடை, ஆபீஸ் மாதிரி குடியிருப்பு இல்லாத கட்டடமா இருந்து, சொத்துவரிப் பதிவேட்டுல அதோட மாத வாடகை மதிப்பு 400 ரூபாய்க்கு மேல இருந்தா, இந்தச் சட்டம் செல்லாது. ஓனர்கள் நேரா சிவில் கோர்ட்டுக்குப் போனாங்க. நோட்டீஸ் விட்டுட்டு வழக்கு போட்டாப் போதும், காரணம் சொல்ல வேண்டியதில்லை.

1964-ல அரசாங்கம் அந்த விதிவிலக்கையே எடுத்துடுச்சு. அதோட விடலை. அந்த விதிவிலக்கை நம்பிப் போட்ட வழக்கு எது நிலுவையில இருந்தாலும் அப்படியே அற்றுப்போகும், ஓனருக்குக் கிடைச்சிருந்த உரிமையும் சேர்ந்து போகும்னு எழுதிட்டாங்க. தீர்ப்பு முழுசா நிறைவேறி முடிஞ்சிருந்தா மட்டும் தப்பும். யோசிச்சுப் பாருங்க. ஜெயிச்சு டிகிரியைக் கையில வச்சுக்கிட்டு, சாவி மட்டும் வராம காத்திருந்தவர் கதி? கடைக்காரருக்கு மறுபிறவி, ஓனருக்கு நாமம்!

சரி, சட்டம் வாயைத் திறக்காம இருந்தா? உத்தரப்பிரதேசத்துல ஒரு விசித்திரம் நடந்தது. அங்கே 1972 சட்டப்படி, புதுசாக் கட்டின கட்டடத்துக்குப் பத்து வருஷம் வாடகைக் கட்டுப்பாடு கிடையாது. ஓனர் பத்து வருஷத்துக்குள்ள வழக்கு போடுவார். நம்ம கோர்ட் வேகம் தெரியுமே, தீர்ப்பு வர்றதுக்குள்ள கட்டடத்துக்குப் பத்து வயசு ஆயிடும். இப்ப குடியிருப்பவருக்குப் பாதுகாப்பு உண்டா? 1982-ல உச்ச நீதிமன்றம் இல்லைன்னுது. 1984-ல இன்னொரு அமர்வு உண்டுன்னுது. 1987-ல மறுபடி இல்லை, வழக்கு போட்ட தேதிதான் கணக்குன்னுது. 1988-ல ஹரியானா வழக்கு ஒண்ணுலயும் அதே முடிவு. கோர்ட்டோட தாமதத்துக்கு ஓனர் ஏன் தண்டம் அழணும்ங்கறது நியாயம். ஆனா 1984-லயும் 1987-லயும் முடிவு வாங்கின ரெண்டு குடும்பத்துக்கும் பிரச்சனை ஒண்ணுதான், பலன்தான் வேற வேற.

இப்ப நண்பர் விஷயத்துக்கு வருவோம். தமிழ்நாட்டுப் புதுச் சட்டம் 2017-ல நிறைவேறி, 2019 பிப்ரவரி 22-ல அமலுக்கு வந்தது. 1960 சட்டம் ரத்து. ஆனா 1964 மாதிரி வெட்டிப் போடலை. நிலுவையில இருக்கற வழக்குகள் பழைய சட்டப்படியே நடந்து முடியும், வேணும்னா வாபஸ் வாங்கிட்டுப் புதுச் சட்டத்துல போட்டுக்கலாம்னு கடைசிப் பக்கத்துல எழுதியிருந்தது. அதைப் படிச்சுக் காட்டினதும்தான் மனுஷனுக்கு மூச்சே வந்தது.

அதே ஊரு, அதே ஓனர்–வாடகைதாரர் சண்டை. 1964-ல ஒரு வாக்கியம் ஓனரைக் கவுத்துது, 2019-ல ஒரு வாக்கியம் காப்பாத்துச்சு. எந்தச் சட்டம் வந்தாலும் பேப்பர்காரங்க புதுசா என்னன்னுதான் எழுதுவாங்க. பாதியில நிக்கற கேஸ்காரனோட தலையெழுத்து கடைசியில வர்ற 'ரத்தும் காப்பும்'ங்கற பிரிவுலதான் இருக்கு. அது நல்லா இருக்கா கெட்டதாங்கறது நீங்க வீட்டுக்குள்ள இருக்கீங்களா, வெளியில சாவிக்காக நிக்கறீங்களாங்கறதைப் பொறுத்தது.

உங்க வீட்டுல இந்த மாதிரிக் கதை இருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க. பேர் வேண்டாம், கேஸ் எத்தனை வருஷம் நடந்ததுன்னு சொன்னாப் போதும்!