எல்லைப்புறத்து மணப்பந்தல்

கேரளத்தின் கிழக்கு ஓரத்தில் தமிழ் மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்துவரும் பகுதிகளுள் மூன்றை இங்கே கருதுவோம். பாலக்காட்டு அக்கிரகாரங்கள் ஒன்று; சித்தூர் வட்டத்தின் கீழ்ப்பகுதி மற்றொன்று; இடுக்கி மாவட்டத்துத் தேவிகுளம் மலைகள் மூன்றாவது. 1947-ஆம் ஆண்டில் இம்மூன்றும் மூன்று ஆட்சிகளின் கீழ் இருந்தன. பாலக்காடு சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தில் அடங்கியிருந்தது. சித்தூர் கொச்சி அரசுக்கும், தேவிகுளம் திருவிதாங்கூருக்கும் உரியவை. 1956 நவம்பர் 1-ஆம் நாள் மூன்றும் கேரள மாநிலத்துள் வந்தன. ஆட்சிகள் இவ்வாறு மாறியபோதும் மணவீட்டுத் தமிழ் நிலைத்து நின்றது. அது எதனால் நிலைத்தது என்பதை அறிவது, ஊரைவிட்டு நெடுந்தொலைவில் வாழும் நமக்குப் பயன் தரும்.

கல்பாத்தி விசுவநாத சுவாமி கோயில் 1425-ஆம் ஆண்டை ஒட்டி எழுந்தது என்பர். தஞ்சைப் பகுதியிலிருந்து வந்தவர்களின் அக்கிரகாரங்கள் அதனைச் சூழ்ந்துள்ளன. அங்கே திருமண மந்திரங்களைப் புரோகிதர் எல்லா வீடுகளிலும் ஒரே வகையாகவே ஓதுவார். மாலையில் நிகழும் நலங்கு அவ்வாறன்று. மணமக்கள் எதிரெதிரே அமர்ந்து தேங்காய் உருட்டுவர், அப்பளம் உடைப்பர். சூழ்ந்திருக்கும் பெண்டிர் தமிழில் பாடுவர். சம்பந்தியைக் கேலி செய்யும் பாட்டில் அந்தச் சம்பந்தியின் ஊரும் பேரும் குணமும் இடம்பெறும். ஒரு வீட்டுப் பாட்டு அப்படியே அடுத்த வீட்டுக்குப் பொருந்தாது. அந்தக் குடும்பத்துக்கே உரிய அழகு அங்கேதான் பிறக்கிறது.

சித்தூரின் கீழ்ப்பகுதியிலுள்ள கொழிஞ்சாம்பாறை, வடகரப்பதி முதலிய ஊர்கள் பண்பாட்டால் கொங்கு நாட்டின் தொடர்ச்சியே. கொங்கு வேளாளர் திருமணத்தை நடத்திவைப்பவர் அருமைக்காரர் என்னும் மூத்தோர். குடிமகன் மங்கல வாழ்த்துப் பாடுவார். அதனை இயற்றியவர் கம்பர் என்பது அம்மக்களின் மரபு. மணமகனின் உடன்பிறந்தாளுக்கென்றே இணைச்சீர் என்னும் சடங்கு உண்டு. உடன்பிறந்தாள் இல்லையெனில், பங்காளிகளுள் தங்கை அல்லது அக்காள் முறையாகும் ஒருத்தி அவ்விடத்தில் நிற்பாள். அந்த இடம் வெறுமையாக விடப்படுவதில்லை.

இனி மலைக்குச் செல்வோம். 1877-ஆம் ஆண்டு ஜான் டேனியல் மன்றோ என்பவர் பூஞ்சார் அரச குடும்பத்தாரிடமிருந்து கண்ணன் தேவன் மலைகளைக் குத்தகையாகப் பெற்றார். பின்னர்த் தேயிலைத் தோட்டங்கள் பெருகின. கங்காணிகள் வழியாகத் தமிழ்நாட்டுச் சமவெளியிலிருந்து தொழிலாளர் வந்தனர். லயங்களில் ஒற்றை அறையில் வாழ்ந்த அவர்களுக்குப் பெரிய பந்தலும் விருந்தும் எளிதல்ல. ஆயினும் தாய்மாமன் சீருக்கு மதிப்புக் குறையவில்லை. மாமன் மலையடிவாரத்து ஊரில் இருந்தால் தட்டும் மாலையும் புடவையும் மலையேறி வரவேண்டும். கொண்டுவந்த பொருளைக் காட்டிலும் வந்த மனிதரே அங்கே சீர்.

மூன்றிடத்தும் நாம் காண்பது ஒன்றே. கல்பாத்தியில் பாட்டு உறவினரைப் பெயர் சொல்லி அழைக்கிறது. சித்தூரிலும் மலையிலும் சடங்கு உறவினரை முறை சொல்லி அழைக்கிறது. இன்னார் வீட்டுத் திருமணம் என்று காட்டுவன இவையே.

ஆனால் இவையே முதலில் கைவிடப்படுகின்றன. 1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம், மணமக்களுள் ஒருவர் தரப்பின் வழக்கச் சடங்குகளை ஏற்கிறது; ஏழடி நடக்கும் வழக்கம் உள்ள இடத்தில் ஏழாம் அடியோடு திருமணம் நிறைவுறும் என்கிறது. நலங்கைப் பற்றிச் சட்டத்துக்குக் கவலையில்லை. நான்கு நாள் திருமணம் ஒரு நாளாகச் சுருங்கிய காலத்தில், கட்டாயமற்ற பாட்டுக்கு நேரமில்லாமற் போயிற்று. பம்பாயிலோ தில்லியிலோ மண்டபத்தை வாடகைக்கு எடுக்கிறோம். பாட்டறிந்த பாட்டியார் ஊரிலேயே தங்கிவிடுகிறார். மேடை அலங்காரத்தைப் பணம் கொடுத்துப் பெறலாம். அவர் நினைவிலுள்ள பாட்டை எந்தக் கடையிலும் பெற இயலாது.

ஆகவே, அடுத்த திருமணத்துக்கு நாள் குறிக்குமுன் ஊருக்குச் சென்று பாட்டியாரைப் பாடச் சொல்லி ஒரு குறிப்பேட்டில் எழுதிக்கொள்வோம். பாடியவர் பெயரையும், யார் திருமணத்தில் பாடப்பட்டது என்பதையும் உடன் குறிப்போம். பெயர் வருமிடத்தைப் புதிய மணமக்களுக்காக வெறுமையாக விடுவோம். எல்லைப்புறத் தமிழருள் பலர் பள்ளியில் மலையாள எழுத்தையே பயின்றவர்கள். வடபுலத்தில் வளரும் பிள்ளைகள் நாகரி எழுத்தை அறிவார்கள். அவர்களுக்குத் தெரிந்த எழுத்திலேயே எழுதிக் கொடுப்பதில் குறையொன்றுமில்லை. எழுத்து எதுவாயினும் பாடும் வாயில் தமிழே ஒலிக்கும். மாமனுக்கு அழைப்பிதழை அஞ்சலில் அனுப்பியதோடு நில்லாமல், அவருக்குரிய இடத்தையும் நேரத்தையும் நிகழ்ச்சி நிரலில் ஒதுக்கி வைப்போம். அரை மணி நேரம் போதும்.