நிறத்தை மட்டும் கையில் வெச்சிருந்த அரச குடும்பம்

போன எபிசோடுக்கு அப்புறம் ஒருத்தர் கேட்டிருந்தார்: "ஃபேன்டஸி நாவல்ல நிறங்களை வெச்சு மந்திரம் பண்ற பிரபு குடும்பங்கள் வருதே, அப்படி நிஜத்துல யாராவது இருந்தாங்களா?" சிரிச்சுட்டு விட்டுடலாம்னுதான் நினைச்சேன். அப்புறம் யோசிச்சா, நான் பிறந்த ஒரத்தநாட்டுலயே அந்தக் கதையோட ஒரு துண்டு நிக்குது.

தஞ்சாவூர் மராட்டியர், போன்ஸ்லே குடும்பம். சத்ரபதி சிவாஜியோட மாற்றாந்தாய் மகன் ஏகோஜி, 1676 வாக்கில் தஞ்சாவூரைப் பிடிச்சார். அடுத்த நூறு வருஷம் சண்டை, கடன், வாரிசுத் தகராறு. அதை வேகமா தாண்டிடறேன். நமக்கு வேண்டியவர் இரண்டாம் சரபோஜி. துளஜாவோட தத்துப் பிள்ளை, ஷ்வார்ட்ஸ் பாதிரியார் மேற்பார்வையில் படிச்சவர். 1798-ல் பட்டத்துக்கு வந்தார். அடுத்த வருஷமே கம்பெனியோட ஒப்பந்தம். நாட்டோட நிர்வாகம் முழுக்க கம்பெனிக்கு. ராஜாவுக்குக் கோட்டை, வருஷம் ஒரு லட்சம் வராகன், நிகர வருமானத்துல ஐந்தில் ஒரு பங்கு.

எங்க பாஷையில சொன்னா, அட்மின் ஆக்சஸ் போயிடுச்சு, ப்ரொஃபைல் பிக்சர் மட்டும் மிச்சம்.

படை கிடையாது, வரி போட முடியாது. அப்படிப்பட்ட ராஜா என்ன பண்ணுவார்? இவர் புத்தகம் சேர்த்தார், படம் வரைய வெச்சார். தஞ்சாவூர் ஓவியம்னு இன்னைக்கு நாம சொல்றது இவர் கண்டுபிடிச்சதில்லை. நாயக்கர் காலத்துலயே வேர் இருக்கு. ஆனா அது செழிச்சது இந்த அரண்மனை நிழல்லதான். பலாப்பலகை மேல துணி ஒட்டி, சுண்ணாம்புத் தூளும் பசையும் கலந்து பூசி, நகையும் தூணும் புடைச்சு நிக்கிற மாதிரி மேடு கட்டி, கல் பதிச்சு, அதுக்கு மேல தங்கத் தகடு ஒட்டுவாங்க. முகத்துக்கும் உடம்புக்கும் வர்ணம்.

அந்தத் தங்கம் வெறும் படாடோபம்னு நான் ரொம்ப நாள் நினைச்சேன். 2018 நவம்பர்ல கஜா புயல் அடிச்சப்போ எங்க ஊர்ல நாள் கணக்கா கரண்ட் இல்லை. ஒரு ராத்திரி அம்மா சாமி ரூம்ல விளக்கு ஏத்தினாங்க. சுவர்ல இருந்த வெண்ணெய் கிருஷ்ணன் படத்துல பச்சையும் சிவப்பும் இருட்டுல கரைஞ்சு போச்சு, தங்கம் மட்டும் சுடரோட சேர்ந்து அசைஞ்சுது. டியூப்லைட்டுக்காக வரைஞ்ச படமில்லையே அது! மந்திரம்னு சொன்னா நம்பியிருப்பேன்.

சரபோஜிக்கு வர்ணம் சாமிக்கு மட்டுமில்லை. அரண்மனையில் கண் சிகிச்சை நடந்தது. நோயாளியோட கண்ணை ஓவியர்களைக் கொண்டு வர்ணத்தில் வரைஞ்சு, குறிப்போட சேர்த்து வெச்சாங்க. அந்தப் படங்கள் சரஸ்வதி மகால் நூலகத்துல இருக்கு. கேமரா வர்றதுக்கு முன்னாடி ஒரு மெடிக்கல் ரெக்கார்டுன்னு வெச்சுக்கலாம். என்னைக் கேட்டா, அந்தக் குடும்பத்தோட உண்மையான மந்திரம் அதுதான்.

இப்போ ஒரத்தநாடு. முத்தாம்பாள் சரபோஜியோட அன்புக்குரியவர், ஆனா பட்டத்து ராணி இல்லை. அவங்க சாகுறப்போ தன் பேர்ல ஒரு சத்திரம் கட்டச் சொல்லிக் கேட்டதா சொல்வாங்க. 1802-ல் சத்திரம் வந்தது. ஊருக்கே முத்தாம்பாள்புரம்னு பேர். ராமேஸ்வரம் போற யாத்ரீகர்களுக்குச் சோறு, நோயாளிக்கு மருந்து, பிள்ளைகளுக்குப் படிப்பு. கட்டிடத்தோட ஒரு பக்கம் யானையும் குதிரையும் இழுக்கிற தேர் மாதிரி செதுக்கியிருக்கும். எல்லாம் நம்ம டெல்டா விவசாயி கொடுத்த நெல்லுலதான் வந்தது, அதையும் சொல்லிடணும். ராஜாவை நான் ரொம்பவும் தூக்கிப் பிடிக்க விரும்பலை. முத்தாம்பாளுக்கு உயிரோட இருந்தப்போ கிடைக்காத இடம், செத்த பிறகு கல்லுல கிடைச்சுது.

1832-ல் சரபோஜி இறந்தார். மகன் சிவாஜி 1855-ல் ஆண் வாரிசு இல்லாம இறந்தார். கம்பெனி பட்டத்தை ரத்து பண்ணினதோட நிக்கலை, ராணிகளோட சொந்த நகை, சொத்து எல்லாத்துக்கும் சீல் வெச்சுது. மூத்த ராணி காமாட்சி பாயி கோர்ட்டுக்குப் போனாங்க. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போச்சு. 1859-ல் தீர்ப்பு: இது அரசு தன் அதிகாரத்தால் செஞ்ச காரியம், கோர்ட் இதுல தலையிட முடியாது. ஆங்கிலேயச் சட்டம் படிக்கிறவங்க இன்னைக்கும் அந்த வழக்கைப் படிக்கிறாங்க. கோர்ட்ல தோத்த சொத்து 1862-ல் அரசாங்க உத்தரவுல திரும்பக் கிடைச்சுது. பட்டம் கிடைக்கலை.

ஓவியர்கள் என்ன ஆனாங்க? பெரும்பாலும் யாரும் படத்துல கையெழுத்துப் போடலை, அதனால பேர் சொல்லித் தேட வழியில்லை. கொஞ்ச நாள் வியாபாரிகள் ஆதரிச்சாங்க. அப்புறம் ரவிவர்மா அச்சகம் மாதிரி இடங்கள்லேர்ந்து மலிவு விலைல அச்சுப் படம் வர ஆரம்பிச்சதும் பலகைப் படத்துக்கு ஆள் குறைஞ்சுது. இன்னைக்குப் புவிசார் குறியீடு இருக்கு, கடையில ஆர்டர் கொடுத்தா செஞ்சு தர்றாங்க.

போன்ஸ்லே குடும்பத்தார் இப்பவும் தஞ்சாவூர்ல இருக்காங்க, அரண்மனை தேவஸ்தானத்துல 88 கோயிலுக்குப் பரம்பரை அறங்காவலர். எங்க ஊர்ச் சத்திரம் பின்னாடி பள்ளிக்கூடப் பசங்க விடுதியா மாறிச்சு. எங்க மாமா ஒருத்தர் அங்கதான் தங்கிப் படிச்சார். அந்தக் கல் குதிரை மேல துண்டு காயப் போட்டிருக்கோம்னு சொல்வார். முத்தாம்பாள் யாருன்னு கேட்டேன். "தெரியாதுடா, சாப்பாடு நல்லா இருந்துச்சு"ன்னார்.